அகலத் திரையும் ஒல்லி அன்னமும்

ரேவதிக்குக் கோபம் வந்தால் பேசமாட்டாள். பொருளை எடுத்து வந்து எதிரே வைப்பாள். அன்று காலை என் காபி டம்ளருக்குப் பக்கத்தில் ஒரு பட்டுப்புடவையை வைத்தாள். தறியிலிருந்து அப்போதுதான் அறுத்து வந்தது. கஞ்சி வாசனைகூடப் போகவில்லை. அரக்குச் சிவப்பில் உடம்பு, பச்சையில் கரை, கரை நெடுக ஜரிகையில் அன்னம்.

"மாமா, இந்தக் கரையைப் பாருங்க."

காபி சிந்திவிடுமோ என்று டம்ளரை முதலில் நகர்த்தினேன். பிறகு பார்த்தேன். எதைக் கொடுத்தாலும் எண்ணிப் பார்ப்பது என் பழக்கம். முழத்துக்குப் பதினோரு அன்னம் இருந்தது.

"எண்ணச் சொல்லல மாமா. எப்படி இருக்குன்னு பாருங்க."

கண்ணாடியை மேலே தள்ளிவிட்டுக்கொண்டு மறுபடி பார்த்தேன். கழுத்து நீளம், உடம்பு ஒடுக்கம், கால் மட்டும் தெரியவில்லை. தெரிந்திருந்தால் சந்தேகமே வந்திருக்காது.

"கொக்கு மாதிரி இருக்கும்மா."

"தறி முதலாளியும் அதையேதான் சொன்னாரு. கல்யாணப் பொண்ணுக்கு யாராவது கொக்குக் கரை கட்டுவாங்களாம்மான்னு கேட்டாரு." அவள் ஒரு அன்னத்தின் மேல் விரலை வைத்தாள். "நான் அன்னம்தான் மாமா போட்டேன். ஸ்கிரீன்ல கொழுகொழுன்னு இருந்துச்சு."

பகலில் புடவை, மாலையில் துப்பாக்கி

ரேவதி என் மருமகள். ஆரணியில் எங்கள் வீட்டு முன்னறையில் நாங்கள் நடத்திய கம்ப்யூட்டர் கடையைப் பற்றி இந்தத் தொடரில் முன்பே கொஞ்சம் சொல்லியிருக்கிறேன். நான் பள்ளிக்கூடத்தில் கணக்குப் பாடம் எடுத்து ஓய்வு பெற்றவன். மகன் செய்யார் தொழிற்பேட்டையில் ஷிஃப்ட் வேலைக்குப் போனான். கடையைப் பார்த்துக்கொண்டது நானும் மருமகளும்தான்.

ஆறு கம்ப்யூட்டர்கள். ஐந்தில் பழைய டப்பா மானிட்டர், பின்பக்கம் பூசணிக்காய் போலப் புடைத்துக்கொண்டிருக்கும். ஆறாவதில் மட்டும் புதிதாக வந்த தட்டையான அகலத் திரை. மகன் அதை ரேவதிக்காக வாங்கியிருந்தான். பகலில் அவள் அதில் புடவைக் கரைக்கும் முந்தானைக்கும் டிசைன் போடுவாள். ஊரில் நாலைந்து தறி முதலாளிகள் அவளிடம் வந்துகொண்டிருந்தார்கள்.

சாயங்காலம் ஐந்து மணிக்கு மேல் கடை வேறு மாதிரி ஆகிவிடும். ஆறு கம்ப்யூட்டர்களையும் ஒயரால் இணைத்து, பையன்கள் கூட்டமாகத் துப்பாக்கி விளையாட்டு ஆடுவார்கள். இந்தப் பக்கம் ஒரு கூட்டம், அந்தப் பக்கம் ஒரு கூட்டம், சுவருக்குப் பின்னால் ஒளிந்து சுடுவது. எனக்கு அதில் பிடித்த ஒரே விஷயம், யாருக்கும் நிஜத்தில் அடிபடாதது. மற்றதெல்லாம் கவலைதான். நாற்காலிக் கால் ஆடுகிறதே, மௌஸை இப்படி அடிக்கிறார்களே, கரண்டு போய் யூ.பி.எஸ். கத்த ஆரம்பித்தால் என்ன செய்வது.

பையன்கள் என்று சொல்கிறேனே தவிர, எல்லாரும் வேலைக்குப் போகிறவர்கள். எங்கள் கடைக் கூட்டத்துக்குத் தலைவன் பாபு, செல்போன் ரிப்பேர் செய்பவன். அவன் கூட்டத்தில் ஒருவன் தனசேகர். விசைத்தறிக் கொட்டகையில் ஜக்கார்டுக்கு அட்டை அடிப்பது அவன் தொழில். டிசைன் தாளில் கட்டம் கட்டமாகப் பார்த்து, எந்த இழை தூக்க வேண்டுமோ அந்த இடத்தில் அட்டையில் துளை போட வேண்டும். தறி அந்தத் துளைகளைப் படித்துத்தான் உருவத்தை நெய்யும்.

தனசேகருக்கு இடது கண் சிறு வயதிலேயே கில்லி பட்டுப் போய்விட்டது. வலது கண்ணுக்குச் சோடா பாட்டில் கண்ணாடி. கட்டத்தாளை மூக்குக்கு அருகில் வைத்துக்கொண்டு தப்பில்லாமல் அடிப்பான். தூரத்தில் இருப்பதுதான் அவனுக்குத் தகராறு. கிரிக்கெட்டில் யாரும் அவனைச் சேர்த்ததில்லை. கபடியிலும் இல்லை. இருபத்தேழு வயதில் முதன்முதலாக ஒரு கூட்டத்தில் இடம் கிடைத்திருந்தது. அதுவும் எப்படிப்பட்ட இடம்! நீளத் துப்பாக்கியை வைத்துக்கொண்டு சந்துக் கோடியில் எட்டிப் பார்ப்பவனைச் சுட வேண்டிய ஆள். வரப்போகும் ஞாயிற்றுக்கிழமை செய்யாரிலிருந்து ஒரு கம்பெனிக் கூட்டம் எங்கள் கடைக்கு ஆட வருவதாக இருந்தது. தனசேகர் அந்த ஆட்டத்துக்கென்று புதுச் சட்டை வாங்கியிருந்தான். உட்கார்ந்து ஆடுகிற ஆட்டத்துக்குப் புதுச் சட்டை எதற்கு என்று நான் கேட்டேன். "இன்னா சார் நீங்க" என்று வெட்கப்பட்டான்.

டெண்டுக் கொட்டகையில் ஒல்லிக் கதாநாயகன்

கொக்கான அன்னத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தபோது, சம்பந்தமில்லாமல் ஒரு சினிமா ஞாபகம் வந்தது.

தொண்ணூறுகளின் தொடக்கமாக இருக்கலாம். ஊருக்கு வெளியே ஒரு டெண்டுக் கொட்டகை இருந்தது. நானும் என் மனைவியும் பெஞ்சு டிக்கெட்டில் போவோம். மணலில் உட்கார்ந்தால் அவளுக்கு எறும்பு, பெஞ்சில் உட்கார்ந்தால் எனக்கு மூட்டைப்பூச்சி. அவளுக்காகப் பெஞ்சு.

சினிமாஸ்கோப் படத்தை ஃபிலிமில் பக்கவாட்டில் நெருக்கிப் பதித்திருப்பார்கள். மிஷினில் அதற்கென்று தனியாக ஒரு லென்ஸ் மாட்டினால்தான் அது விரிந்து திரையில் சரியாக விழும். அன்று ஆபரேட்டர் லென்ஸ் மாட்ட மறந்துவிட்டார். கதாநாயகன் முருங்கைக்காய் போல வந்து நின்றான். வில்லன் அதைவிட ஒல்லி. அவன் ஏறி வந்த குதிரைக்குக் கழுதை உடம்பு. ஜனங்கள் விசில் அடித்தார்கள். "யோவ், லென்ஸைப் போடுய்யா!" என்று முன்னாலிருந்து மணல் பறந்தது.

என் மனைவி மட்டும், "இருக்கட்டுமே, அந்தப் பொண்ணு இப்பத்தான் லட்சணமா இருக்கா" என்றாள்.

லென்ஸ் மாட்டியதும் எல்லாரும் ஒரே நேரத்தில் சதை போட்டார்கள். கொட்டகை முழுவதும் சிரித்தது. அவள் சிரித்ததுதான் எனக்கு அதிகம் நினைவிருக்கிறது. அதைப் பற்றி எழுத ஆரம்பித்தால் இந்த வாரம் புடவைக்குத் திரும்ப முடியாது.

பன்னிரண்டுக்குப் பத்து

"ரேவதி, உன் கம்ப்யூட்டரைப் போடு" என்றேன்.

அவள் போட்டாள். எழுத்துகளெல்லாம் பெரிது பெரிதாகத் தெரிந்தன.

"எப்பவும் இப்படித்தான் இருக்குமா?"

"தெள்ளார்ல அம்மா வீட்டுக்குப் போய்ட்டு வந்ததுலேர்ந்து இப்படித்தான் இருக்கு மாமா. உங்க பிள்ளைதான் எனக்குக் கண் வலிக்கக் கூடாதுன்னு பெரிசாக்கி வச்சாருன்னு நெனச்சேன்." சொல்லும்போது முகத்தில் லேசான சந்தோஷம்கூட இருந்தது. என் பிள்ளை அவ்வளவு தூரம் யோசிப்பவன் அல்ல என்பது எனக்குத் தெரியும்.

"டிசைன் போடற இடத்துல ஒரு சதுரம் வரை."

வரைந்தாள். மர ஸ்கேலை எடுத்துத் திரையின் மேல் வைத்து அளந்தேன். குறுக்கே பன்னிரண்டு சென்டிமீட்டர். நெடுக்கே பத்து.

ரேவதி தன் கையிலிருந்து ஒரு வளையலைக் கழற்றினாள். கம்ப்யூட்டரில் ஒரு வட்டம் போட்டு, அதன் மேல் வளையலை வைத்துப் பார்த்தாள். வட்டம் கோழிமுட்டையாக இரண்டு பக்கமும் வெளியே வழிந்தது. அப்படியே நாற்காலியில் சாய்ந்துவிட்டாள்.

விஷயம் இதுதான். அந்த அகலத் திரையில் குறுக்கே ஆயிரத்து நானூற்று நாற்பது புள்ளி, நெடுக்கே தொள்ளாயிரம் புள்ளி இருக்க வேண்டும். யாரோ அதை ஆயிரத்து இருபத்து நாலுக்கு எழுநூற்று அறுபத்தெட்டு என்று மாற்றியிருந்தார்கள். அது டப்பா மானிட்டரின் அளவு. நாலுக்கு மூன்று என்ற விகிதம். அந்தப் படத்தை அகலத் திரை முழுவதும் இழுத்துப் போர்த்தினால் எல்லாமே பக்கவாட்டில் ஊதிப்போகும். ரேவதி திரையில் பார்த்து, அன்னம் குண்டாக இருக்கிறதே என்று உடம்பைக் குறைத்து, குறைத்து, கண்ணுக்கு அழகாக்கியிருக்கிறாள். துணியில் இறங்கியபோது ஆறு பங்கு இருக்க வேண்டிய உடம்பு ஐந்து பங்காகிவிட்டது.

"தாள்ல பிரிண்ட் எடுத்தப்பவாவது தெரிஞ்சிருக்கணுமே" என்றேன்.

"எப்படி மாமா தெரியும்? பட்டுல குறுக்கு இழையைவிட நெடுக்க ஓடற பாவு இழை நெருக்கம். கட்டத்தாள்ல எல்லா உருவமும் குண்டாத்தான் இருக்கும். துணிக்குப் போனாத்தான் ஒடுங்கி சரியாகும். இது கொஞ்சம் கம்மி குண்டா இருந்திருக்கு. அட்டை அடிக்கிறவங்க கண்ணுக்குத்தான் தெரியும்."

சொல்லிவிட்டு என்னைப் பார்த்தாள். நானும் அவளைப் பார்த்தேன். அந்தக் கரைக்கு அட்டை அடித்தவன் தனசேகர்.

கடுகும் புளியங்கொட்டையும்

அவன் ஐந்தே காலுக்கு வந்தான். புடவை மேஜை மேல் விரித்தபடி இருந்தது. வாசற்படியிலேயே நின்றுவிட்டான்.

"வா தனா, உன் அன்னத்தைப் பாரு" என்றாள் ரேவதி.

"அக்கா..."

"ஸ்கிரீனை மாத்தினது யாரு?"

"நான்தான்க்கா." மறைக்க முயலவில்லை. "நீங்க ஊருக்குப் போனப்போ ஒருநாள் வேற கம்ப்யூட்டர் காலி இல்ல. இதுல ஒக்காந்தேன். கேம் உள்ள மட்டும் மாத்திப் பாத்தேன், ரெண்டு பக்கமும் கறுப்பா பட்டை வுழுந்துச்சு. அப்புறம் கம்ப்யூட்டர் செட்டிங்லயே மாத்திட்டு, மானிட்டருக்கு அடியில இருக்கிற பட்டனை அமுக்கி ஃபுல்லா இழுத்துட்டேன். தெனமும் போறப்ப பழையபடி வச்சிட்டுத்தான்க்கா போவேன். கடைசி நாள் கரண்டு போய்டுச்சு. அப்புறம் நீங்க ஒண்ணும் கேக்கலியேன்னு அப்படியே வுட்டுட்டேன்."

"சரி, அது போகட்டும். அட்டை அடிச்சப்போ கட்டம் கம்மியா இருக்கறது உனக்குத் தெரிஞ்சுதா இல்லையா?"

அவன் காலைப் பார்த்தான். "தெரிஞ்சுச்சுக்கா."

"அப்புறம் ஏன் சொல்லல?"

"புது ஃபேஷனோன்னு நெனச்சேன்."

"தனா!"

"...கேட்டா ஸ்கிரீன் பேச்சு வரும்னு பயந்துகினு இருந்துட்டேன்க்கா."

ரேவதி புடவையை மடித்தாள். பிறகு, "இனிமே இந்த மானிட்டர் கேமுக்கு இல்ல. மாமா, பாபு கிட்டயும் சொல்லிடுங்க" என்றாள்.

தவறு சொல்ல முடியாது. அவளைத் தேடி வரும் நாலைந்து முதலாளிகளில் ஒருவர் அன்று போயிருக்கக்கூடும். நான் தலையாட்டினேன். தனசேகர் அங்கேயே நின்றான்.

"டப்பா மானிட்டர்ல ஆடேன்பா. எல்லாரும் அதுலதானே ஆடறாங்க" என்றேன்.

"எல்லாருக்கும் கண்ணு தெரியுது சார்." சாதாரணமாகத்தான் சொன்னான். "அதுல எனக்கு சந்துக் கோடியில நிக்கிறவன் கடுகு மாதிரி இருக்கான். இதுல இழுத்து வுட்டா புளியங்கொட்டை மாதிரி தெரியறான். புளியங்கொட்டைய சுட்டுடுவேன் சார். கடுகைக் கண்டுபுடிக்கிறதுக்குள்ள அவன் என்னை சுட்டுர்றான். பாபு சொல்லிட்டான், டப்பா மானிட்டருன்னா நீ வேணாம், என் மச்சான் ஆடட்டும்னு."

ரேவதி என் பக்கம் திரும்பினாள். திடீரென்று என் மூக்கிலிருந்து கண்ணாடியை உருவித் தன் மூக்கில் மாட்டிக்கொண்டாள். இடது கண்ணைக் கையால் மூடினாள். ஒரு டப்பா மானிட்டர் முன்னால் உட்கார்ந்து, "கேமைப் போடு" என்றாள்.

அவன் போட்டான்.

"எங்க நிக்கிறான்?"

"அதோ அந்தப் பொட்டிக்குப் பக்கத்துலக்கா."

"பொட்டி எங்க?"

கண்ணாடி இல்லாமல் எனக்கும் ஒன்றும் தெரியவில்லை. கொஞ்ச நேரத்தில் திரையில் யாரோ அவளைச் சுட்டுவிட்டார்கள். "செத்துட்டீங்கக்கா" என்றான் தனசேகர், ரொம்ப மரியாதையாக.

அவள் எழுந்து வந்து அகலத் திரை முன்னால் அதேபோல் ஒரு கண்ணை மூடிக்கொண்டு உட்கார்ந்தாள். இந்த முறை, "ஆமா, இதோ நிக்கிறான்" என்றாள். சுடத் தெரியாததால் மறுபடி செத்தாள்.

கண்ணாடியைக் கழற்றி என்னிடம் கொடுத்துவிட்டு அவனிடம் சொன்னாள்: "நான் ராத்திரிக்குள்ள டிசைனை சரி பண்ணித் தரேன். ஞாயித்துக்கெழமைக்குள்ள அந்தக் கரைக்கு மொத்த அட்டையும் மறுபடி நீதான் அடிக்கணும். முதலாளி கிட்ட நான் பேசிக்கறேன். அப்புறம், இந்த மானிட்டர்லயே ஆடிக்கோ. ஆட்டம் முடிஞ்சதும் தினமும் பழையபடி வச்சிட்டு, ஒரு சதுரம் வரைஞ்சு ஸ்கேல் வச்சி மாமாகிட்டக் காட்டிட்டுத்தான் போகணும்."

அந்த வாரம் முழுவதும் வேலை முடிந்ததும் அவன் கொட்டகையிலேயே இருந்து அட்டை அடித்தான். இடையில் ஓடி வந்து கொஞ்சம் ஆடுவான். போகும்போது சதுரம் வரைந்து, நான் அளக்கும்வரை கையைக் கட்டிக்கொண்டு நிற்பான். பாபுவின் ஆட்கள் அதைப் பார்த்து, "சார், ஹோம்வொர்க்கா?" என்று கேலி செய்தார்கள்.

செய்யார் ஆட்கள்

ஞாயிற்றுக்கிழமை மதியம் செய்யார்க்காரர்கள் வந்தார்கள். எல்லாரும் ஒரே கம்பெனி. தலைவன் முருகேசன், நல்ல ஆகிருதி. எங்கள் நாற்காலியில் அவன் உட்கார்ந்ததும் நான் குனிந்து அதன் காலைப் பார்த்தேன்.

ஆறு கம்ப்யூட்டர்தான், ஆகவே மூவருக்கு மூவர். பாபு, அவன் மச்சான், தனசேகர். முருகேசன் நடந்து வந்து எல்லாத் திரைகளையும் பார்த்தான். ஆறாவதில் நின்றான்.

"இன்னாய்யா இது, ஆள் பீப்பா மாதிரி தெரியறான்? இதுன்னா பொறந்த கொழந்தகூட சுடும். இது செல்லாது."

"அவனுக்குக் கண்ணு..." என்று பாபு ஆரம்பித்தான்.

"கண்ணு சரியில்லன்னா ஏன்யா ஆட வெக்கிற? மச்சான் ஒருத்தன், நீ ஒருத்தன், இன்னொரு ஆள் கெடைக்கலியா?"

பாபு வாசலில் நின்ற மற்றொரு பையனைத் திரும்பிப் பார்த்தான். தனசேகர் மௌஸிலிருந்து கையை எடுத்துவிட்டான்.

நான் கணக்குச் சொல்லிப் பார்த்தேன். "தம்பி, திரையை இழுத்தா ஆள் அகலமாத் தெரிவான், வாஸ்தவம். ஆனா அவன் ஓடறதும் அதே அளவுக்கு வேகமாத் தெரியும். பத்து சென்டிமீட்டர் ஓட வேண்டியவன் அதே நேரத்துல பன்னிரண்டு ஓடுவான். இந்தப் பக்கம் கிடைச்சது அந்தப் பக்கம் போயிடுது."

"வாத்தியாரே, எனக்குக் கணக்கு வந்திருந்தா நான் ஏன் செய்யார் கம்பெனிக்குப் போறேன்?" என்றான் முருகேசன். எல்லாரும் சிரித்தார்கள். நானும்தான்.

உள்ளேயிருந்து ரேவதி வந்தாள். "அண்ணே, சும்மா சொல்லாதீங்க. நீங்களே அதுல ஒக்காந்து ஒரு தடவை ஆடிப் பாருங்க."

முருகேசன் உட்கார்ந்தான். முதல் ஆளைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே சுட்டான். படவில்லை. ஆள் சரேலென்று திரையைக் கடந்துவிட்டான். துரத்தித் திருப்பினான், சுவர்கள் எல்லாம் அவனோடு சேர்ந்து வழுக்கின. இன்னும் இரண்டு முறை சுட்டான். பிறகு நெற்றியைப் பிடித்துக்கொண்டு எழுந்தான்.

"பஸ்ல வந்தது போதாதுன்னு இது வேற. தலை சுத்துது. இதுல எப்பிடிய்யா ஆடற நீ?"

"எனக்கு அட்டைக் கட்டத்துல எல்லாமே இப்பிடித்தான்ணா இருக்கும்" என்றான் தனசேகர். "பழகிப்போச்சு."

"அவனே வச்சிக்கட்டும்பா" என்று முருகேசன் தன் இடத்துக்குப் போய் ஒரு சோடா கேட்டான்.

ஆட்டம் நடந்தது. பதினாறு சுற்று யார் முதலில் ஜெயிக்கிறார்களோ அவர்களுக்கு வெற்றி. நான் ஒரு கண் ஸ்கோரிலும் ஒரு கண் யூ.பி.எஸ்.ஸிலும் வைத்திருந்தேன். கரண்டு போகவில்லை. தனசேகர் சந்துக் கோடியில் வந்தவர்களைப் பொறுக்கி எடுத்தான். ஒவ்வொரு முறையும் "புளியங்கொட்டை!" என்று கத்தினான். செய்யார்க்காரர்களுக்கு அது புரியாமல் எரிச்சல் வந்தது. பதினாலுக்குப் பதினைந்து என்று நாங்கள் பின்தங்கி நின்றபோது அந்தக் கடைசிச் சுற்று வந்தது. பாபு செத்தான், மச்சான் செத்தான். எதிரே முருகேசன் மட்டும் பாக்கி. இங்கே தனசேகர் மட்டும்.

முருகேசன் கதவுக்குப் பின்னாலிருந்து வந்தான். தனசேகர் சுட்டான். முருகேசனும் சுட்டான்.

தோற்றோம்.

எனக்குப் பயமாகிவிட்டது. தனசேகரைத் தனியாகக் கூப்பிட்டு ஆறுதலாக எதையாவது சொல்லலாமா, ரேவதியை விட்டு டீ கொடுக்கச் சொல்லலாமா என்று யோசிப்பதற்குள் பாபு ஹெட்போனைப் பிடுங்கி மேஜையில் போட்டான்.

"பேஜார் புடிச்சவனே! உன் மூக்குக்கு நேரா நின்னானேடா! கதவு மாதிரி நின்னான்! கதவைச் சுடறதுக்கு இன்னாடா கேடு உனக்கு?"

"அவன் ஒக்காந்துகினு வந்தான்!"

"ஒக்காந்துகினு வந்தா கீழ சுடறது!"

"உனக்கு இன்னா தெரியும்? நீ மொத ஆளா செத்து பொணமா கெடந்த! பொணம்லாம் பேசக் கூடாது!"

பாபுவின் மச்சான் இருவருக்கும் நடுவில் வந்து இருவரிடமும் திட்டு வாங்கினான். முருகேசன் சோடா பாட்டிலோடு நின்று ரசித்தான். நான் ஹெட்போன் உடைந்துவிட்டதா என்று எடுத்துப் பார்த்தேன். இல்லை.

"மாமா, கை கலந்துடப் போறாங்க. போய் விலக்கி விடுங்க" என்றாள் ரேவதி.

நான் வாசல்வரை போனேன். அவர்கள் தெருவில் இறங்கி நடந்துகொண்டிருந்தார்கள். தனசேகரின் புதுச் சட்டை முதுகில் வியர்வையில் ஒட்டியிருந்தது. பாபுவின் தோளில் கையைப் போட்டுக்கொண்டு, அவன் காதுக்குள்ளேயே கத்திக்கொண்டிருந்தான். மூவரின் குரலில் அவன் குரல்தான் பெரிதாகக் கேட்டது.

தெருமுனையில் பாபு திரும்பினான்.

"அடுத்த ஞாயித்துக்கெழமையாவது கண்ணைத் தொறந்துகினு வாடா!"

"வரேன்டா! நீ மொதல்ல சாகாம இரு!"